லொரெட்டாவின் சனிக்கிழமைகள்

லொரெட்டா விட்டாலேயோடு வாதாடி ஜெயித்த நடிகர் எவரும் பஃபலோ நகரத்தில் இல்லை. 'ஏரிக்காற்று' டிவி தொடரில் மூத்த மகனாக நடித்தவர் முதல் வருஷத்தில் ஒரு தடவை முயன்று பார்த்தார். ஒயின் கிளாஸை வலது கையில்தான் பிடித்திருந்தேன் என்று அடித்துச் சொன்னார். லொரெட்டா நெற்றியில் ஏற்றி வைத்திருந்த கண்ணாடியை மூக்குக்கு இறக்கி, மடியில் இருந்த தடிமனான கோப்பைப் புரட்டினாள்.

"இடது கை. 'அம்மா'ங்கிற வார்த்தையில தூக்கினீங்க, 'போலீஸ்'ங்கிற வார்த்தையில கீழ வச்சீங்க. கிளாஸ்ல கால்வாசி மிச்சம்."

போட்டோவையும் எடுத்துக் காட்டினாள். அதற்குப் பிறகு அவரும் மற்றவர்களைப் போல, "லொரெட்டா, நான் எங்க நின்னேன்?" என்று கேட்கக் கற்றுக்கொண்டார்.

கன்டினியூட்டி பார்ப்பது அவள் வேலை. ஒரே சாப்பாட்டுக் காட்சியை நாலு பக்கத்திலிருந்து இருபது தடவை எடுப்பார்கள். எந்தத் தடவையும் தட்டில் இருக்கும் ஆலிவ் காயின் எண்ணிக்கை மாறக் கூடாது, சட்டையின் மேல் பொத்தான் தானாகப் பூட்டிக்கொள்ளக் கூடாது. இருபத்தொன்பது வருஷம் டொராண்டோவிலும் நியூயார்க்கிலும் இதைச் செய்துவிட்டு, சொந்த ஊரிலேயே ஒரு தொடர் எடுக்கிறார்கள் என்று கேள்விப்பட்டுத் திரும்பி வந்தவள். வயது அறுபத்தொன்று. புருஷனை விட்டுப் பிரிந்து பல காலம் ஆகிவிட்டது. பிள்ளை கிடையாது.

கதை எழுதுகிறவர்களுக்கு அவளைக் கண்டால் இன்னும் பயம். பக்கங்கள் கைக்கு வந்ததும் பென்சிலை எடுத்துக்கொண்டு உட்காருவாள். "இவனுக்கு இது எப்படித் தெரியும்? அந்த சீன்ல இவன் அந்த ரூம்லயே இல்லையே" என்று ஒரு வரி எழுதி வைப்பாள். அவ்வளவுதான், அவர்களுக்கு இரண்டு நாள் வேலை.

தொடரில் வரும் குடும்பம் பகலில் குப்பை லாரி ஓட்டியது, மறைவில் சூதாட்டம் நடத்தியது, பாலம் தாண்டிக் கனடாவிலிருந்து சரக்குக் கடத்தியது. ஆனால் ஜனங்கள் உட்கார்ந்து பார்த்தது துப்பாக்கிக்காக இல்லை. அந்த வீட்டுச் சாப்பாட்டு மேஜைக்காக. மேஜையின் தலைமாட்டில் உட்காரும் தாய் வின்சென்ஸாவாக பெர்னிஸ் கோவால் என்பவள் நடித்தாள். எழுபது வயது. பிறப்பால் போலந்துக்காரி. சிசிலிக்காரத் தாயாக அவள் முறைத்த முறைப்பில் ஊரில் உள்ள இத்தாலிய வீடுகளெல்லாம் தங்கள் அம்மாவைக் கண்டன.

நாலாவது வருஷம் அக்டோபரில் ஒரு காட்சி சிக்கிக்கொண்டது. குடும்பத்து ரகசியம் போலீஸ் காதுக்குப் போயிருக்கிறது. வீட்டுக்குள்ளிருந்துதான் போயிருக்கிறது என்று தாய்க்குத் தெரிந்துவிட்டது. ஞாயிற்றுக்கிழமை மதியச் சாப்பாட்டில் அவள் பிள்ளைகளைக் கேட்கிறாள். எழுதியிருந்தபடி அவள் கத்த வேண்டும், தட்டை விட்டெறிய வேண்டும்.

ஆற்றோரத்தில் பழைய குளிர்பதனக் கிடங்கு ஒன்றுதான் அவர்களுடைய செட். மதிய இடைவேளையில் உப்புத் தூவிய பன்னும் மாட்டிறைச்சியும் தின்றுகொண்டிருந்தபோது பெர்னிஸ் பிடிவாதமாகச் சொன்னாள்:

"இவ கத்த மாட்டா, மார்கோ. கத்துற அம்மாவுக்கு எந்தப் பிள்ளையும் பயப்படாது. எங்கம்மா கத்துவா, நாங்க சிரிச்சுக்கிட்டே ஓடுவோம்."

மார்கோதான் தலைமை எழுத்தாளர். நாற்பது வயதுக்காரி. கண்ணுக்குக் கீழே கருவளையம் விழுந்திருந்தது. "அப்ப என்னதான் பண்ணுவா? யாராவது சொல்லுங்க. ரெண்டு நாளா இந்த சீன் என் உயிரை வாங்குது" என்றாள்.

சாப்பாட்டு நேரத்தில் வாயே திறக்காத லொரெட்டா அன்று ஏனோ பேசினாள். "எங்கம்மா பேசாம இருந்தா."

"எத்தனை நாள்?"

"பதினாலு மாசம். எங்கப்பாகிட்ட மட்டும். எதிர்லதான் உட்கார்ந்திருப்பார். 'லொரி, சூப்பு ஆறிப்போகுதுன்னு உங்கப்பாகிட்ட சொல்லு'ம்பா. நான் திரும்பி, 'அப்பா, சூப்பு ஆறிப்போகுதாம்'பேன். அவரும் விடமாட்டார். 'உப்பு கம்மின்னு உங்கம்மாகிட்ட சொல்லு'ம்பார். உப்பு டப்பா அவர் முழங்கைக்குப் பக்கத்துல இருக்கும்."

எல்லாரும் சிரித்தார்கள். மார்கோ தாளைத் தேடினாள். "எதுக்காம் அது?"

லொரெட்டா சொன்னாள். அவளுடைய ஞானஸ்நான விருந்தில் அப்பாவின் தங்கை ஃபிலோமினா ஒரு வாய் சாப்பிட்டுவிட்டு, "அசுண்டா சாஸ்ல சர்க்கரை போட்டிருக்காளோ?" என்று பக்கத்திலிருந்தவளிடம் கேட்டாள். கேட்டது அவ்வளவுதான். அம்மா அசுண்டா அதன் பிறகு அத்தையை வாசல்படி மிதிக்க விடவில்லை. அவள் பேரைக் கூட வீட்டில் சொல்லக் கூடாது. அப்பா எஃகு ஆலையில் கிரேன் ஓட்டுகிறவர். வீட்டில் சண்டைக்குத் தெம்பில்லாத மனுஷர். சனிக்கிழமை முடி வெட்டிக்கொள்ளப் போகிறேன், ஆணி வாங்கப் போகிறேன் என்று ஏதாவது சொல்லிவிட்டு, லொரெட்டாவையும் காரில் ஏற்றிக்கொண்டு திருட்டுத்தனமாகத் தங்கை வீட்டுக்குப் போவார். அண்ணனும் தங்கையும் சீட்டாடுவார்கள். லொரெட்டாவுக்கு எலுமிச்சை ஐஸ் கிடைக்கும். அவளுக்கு ஒன்பது வயதானபோது விஷயம் வெளியே வந்துவிட்டது.

"யார் சொன்னது?" என்றாள் மார்கோ.

"எங்கண்ணன் யூஜீன். அவனுக்கு அப்ப பதிமூணு. ஞாயித்துக்கிழமை சாப்பாட்டுல அம்மா அப்பாவைப் பார்த்து, 'உன் தங்கச்சி சௌக்கியமா? உன் மகனுக்கும் கண்ணு இருக்கு'ன்னு மட்டும் சொன்னா. அந்தப் பதினாலு மாசத்துக்கு முன்னால நேராப் பேசின கடைசி வார்த்தை அதுதான். அப்பா அப்புறம் யூஜீன்கிட்ட முகம் கொடுத்துப் பேசவே இல்லை. அவன் பதினேழு வயசுல வீட்டை விட்டுப் போயிட்டான்."

பெர்னிஸ் மென்றுகொண்டிருந்ததை நிறுத்தினாள். ஒரு பாத்திரத்துக்குள் நுழைவதற்கு முன்னால் துருவித் துருவிக் கேட்பது அவள் வழக்கம்.

"இரு கண்ணு. அப்பா யாரைக் கூட்டிட்டுப் போவார்?"

"என்னை."

"அண்ணனை?"

"அவனை ஒருநாளும் கூட்டிட்டுப் போனதில்லை."

"அப்ப அவனுக்கு எப்படித் தெரியும்?"

லொரெட்டா வாயைத் திறந்தாள். "பின்னாலயே வந்திருப்பான்" என்றாள்.

"நீங்க கார்லதானே போனீங்க? பதிமூணு வயசுப் பையன் கார் பின்னாடி ஓடியா வந்தான்?"

மறுபடியும் மேஜை சிரித்தது. லொரெட்டாவும் சிரித்து வைத்தாள். பன்னில் பாதியை அப்படியே காகிதத்தில் சுருட்டிக் குப்பையில் போட்டுவிட்டு, கோப்பை எடுத்துக்கொண்டு செட்டுக்குப் போனாள்.

அன்றெல்லாம் அவளுக்கு வேலையில் ஒரு குறையும் வரவில்லை. ஆனால் காரில் ஏறியதும் அந்தக் கேள்வி பக்கத்து சீட்டில் ஏறி உட்கார்ந்துகொண்டது. அவனுக்கு எப்படித் தெரியும்? முப்பது வருஷமாக ஊரார் எழுதிய கதைகளில் அவள் கேட்டு வந்த கேள்வி அது. சொந்தக் கதையில் ஒரு தடவை கூடக் கேட்டதில்லை. யூஜீனின் சிநேகிதன் யாராவது பார்த்திருக்கலாம். அத்தை தெருவில் யாராவது சொல்லியிருக்கலாம். பதில்கள் வந்துகொண்டே இருந்தன. வேறொருவர் எழுதியிருந்தால் ஒவ்வொன்றையும் பென்சிலால் அடித்திருப்பாள்.

ஒரு வாரத்தில் மார்கோ புதுப் பக்கங்களைக் கொண்டுவந்து கொடுத்தாள். "உங்க கதைதான், லொரெட்டா. கொஞ்சம் திருப்பிட்டேன். கோவிச்சுக்காதீங்க."

புதுக் காட்சியில் போலீஸிடம் வாயை விட்டவள் கல்லூரியில் படிக்கும் கடைக்குட்டிப் பெண். தாய்க்கு அது நன்றாகத் தெரியும், ஏனென்றால் பெண்ணே அதை அவளிடம் உளறிவிட்டாள். ஆனாலும் மேஜையில் எல்லார் முன்னாலும் பழியை இரண்டாவது மகன்மேல் போடுகிறாள். பெண்ணின் வாயைத் தனக்காகத் திறந்தே வைத்திருக்க வேண்டும், அதற்காக மகனைக் கொடுத்துவிடுகிறாள். லொரெட்டா கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே படித்து முடித்தாள். "ரெண்டு நிமிஷம் இருபது செகண்ட் வரும்" என்றாள்.

படமாக்கிய அன்று முதல் மூன்று டேக் நன்றாகவே போயின. நாலாவதில் பெர்னிஸ், எழுதியிராத ஒன்றைச் செய்தாள். "உன் தம்பிக்கு வாய் நீளம்" என்று மூத்தவனிடம் சொல்லும்போது, பக்கத்தில் உட்கார்ந்திருந்த பெண்ணின் தலையில் கையை வைத்து, விரல்களை முடிக்குள் விட்டு மெதுவாகக் கோதினாள்.

லொரெட்டாவின் பென்சில் நின்றுவிட்டது.

தண்ணீர் தொட்ட இரும்புச் சீப்பு. சமையலறை ஸ்டூல். சனிக்கிழமை சாயங்காலம் மட்டும் அம்மா அவளைக் கூப்பிட்டு முன்னால் உட்கார வைத்துத் தலை வாருவாள். வாரத்தில் மற்ற நாளெல்லாம் தொடாத கை அது. "இன்னிக்கு எங்கெல்லாம் போனீங்க, என் தங்கமே?" சிக்கு எடுக்கும்போது கூட வலிக்காது. அம்மா எனக்குத் தலை வாரிவிடுவாள் என்று லொரெட்டா எத்தனை பேரிடம் சொல்லியிருக்கிறாள்! அம்மாவின் சாவு வீட்டில் கூட அதைத்தான் சொல்லி அழுதாள். சீப்பு ஞாபகம் இருந்தது. தண்ணீரின் குளிர்ச்சி ஞாபகம் இருந்தது. தான் என்ன பதில் சொன்னோம் என்பது மட்டும் ஐம்பத்திரண்டு வருஷமாக அந்தச் சமையலறையில் இல்லாமலே இருந்தது.

எலுமிச்சை ஐஸ் சாப்பிட்டேன், அம்மா. அப்பாவும் அத்தையும் சீட்டு ஆடினாங்க.

"கட்! நல்லா இருந்துச்சு, பெர்னிஸ். இதையே வச்சுக்கலாம்" என்றார் இயக்குநர். "லொரெட்டா, எந்தக் கையால தலையைத் தொட்டாங்க?"

அவள் தாளைப் பார்த்தாள். ஒன்றும் எழுதியிருக்கவில்லை.

"தெரியலை" என்றாள்.

செட்டில் நாற்பது பேர் இருந்தார்கள். விளக்குக்காரர் கூடத் திரும்பிப் பார்த்தார்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் அவள் டன்கர்க்குக் கிளம்பினாள். ஏரிக்கரையோரமாகவே போனால் ஒரு மணி நேரத்துக்கும் குறைவுதான். அந்தத் தூரத்தில்தான் யூஜீன் நாற்பது வருஷமாக இருந்தான். ரயில் எஞ்சின் பழுது பார்க்கும் பட்டறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்று, இப்போது வீட்டுக்குப் பின்னால் கொஞ்சம் கருந்திராட்சை போட்டிருந்தான். கிறிஸ்துமஸுக்கு ஒரு கார்டு வரும், ஒரு கார்டு போகும். அவள் கல்யாணத்துக்கு அவன் வரவில்லை. அம்மா சாவுக்கும் வரவில்லை. அவனைக் கல்நெஞ்சுக்காரன் என்று அவள் பலரிடம் சொல்லியிருக்கிறாள்.

அவன் மனைவி ஆர்டித் கதவைத் திறந்தாள். லொரெட்டாவின் முகத்தைப் பார்த்துவிட்டு, "யாராவது செத்துட்டாங்களா?" என்றாள்.

"இல்லை. அவன் இருக்கானா?"

"பின்னால இருக்கார். கடைசிக் குலையெல்லாம் வெட்டிக்கிட்டு."

யூஜீன் கத்தரியோடு நிமிர்ந்து பார்த்தான். தலை முழுக்க வெளுத்து, அப்பாவின் அச்சாக நின்றான். லொரெட்டா வழியெல்லாம் தயார் செய்து வைத்திருந்த முதல் வாக்கியத்தை விட்டுவிட்டாள்.

"அம்மாகிட்ட சொன்னது நான்தான், இல்லையா?" என்றாள்.

அவன் ஒரு குலையை வெட்டிக் கூடையில் போட்டான். அடுத்த குலையையும் வெட்டினான்.

"ஐம்பத்திரண்டு வருஷமாச்சு" என்றான். "நீ சாமர்த்தியக்காரின்னு எல்லாரும் சொல்வாங்க."

"உனக்குத் தெரியுமா?"

"வீட்டுல மூணு பேருக்குத் தெரியும். எனக்கு, அம்மாவுக்கு, உனக்கு. நீதான் ராஜினாமா பண்ணிட்டே."

"எனக்கு நிஜமா ஞாபகம் இல்லைடா."

"தெரியும். மறுவாரமே மறந்துட்டே. சாப்பாட்டு மேஜையில என்னைப் பார்த்து, 'நீ ஏன் சொன்னே'ன்னு அழுதே பாரு, அப்பதான் எனக்கே தெரிஞ்சுது, நீ நடிக்கலைன்னு."

லொரெட்டா கொடிகளுக்கு நடுவே மண்ணிலேயே உட்கார்ந்துவிட்டாள். அவன் கூடையைத் தலைகீழாகக் கவிழ்த்து உட்கார்ந்துகொள்ளலாம் என்று பார்த்தான். உள்ளே திராட்சை இருந்தது. அதனால் நின்றுகொண்டே பேசினான்.

"ஏன் நீ சொல்லலை, யூஜீன்? 'நான் இல்லை, இவதான்'னு ஒரு வார்த்தை."

"முதல் வருஷம் தியாகம். சின்னப் பொண்ணு, அப்பா செல்லம், உடைஞ்சு போயிடுவான்னு நினைச்சேன். சினிமாவுல வர்ற மாதிரி. அதுக்கப்புறம் தியாகமும் இல்லை ஒண்ணும் இல்லை. வெறும் வீம்பு. என்னைப் பார்த்தாலே தெரிய வேண்டாமா அந்த மனுஷனுக்கு, இவன் சொல்லியிருக்க மாட்டான்னு? அதை அவரே கண்டுபிடிக்கட்டும்னு காத்துக்கிட்டு இருந்தேன்."

"அப்பா ஆஸ்பத்திரியில கிடந்தப்ப சொல்லியிருக்கலாமே. நீ வந்தியே, கடைசி வாரம்."

"சொல்லத்தான் வந்தேன். நீ அவர் பக்கத்துல உட்கார்ந்து ஷேவ் பண்ணி விட்டுக்கிட்டு இருந்தே. ரெண்டு பிள்ளையில ஒண்ணாவது நம்ம பக்கம்னு நினைச்சுக்கிட்டுப் படுத்திருக்கார். அதையும் பிடுங்கிட்டு எதைக் கொடுக்கச் சொல்றே?"

அவன் இன்னும் இரண்டு குலை வெட்டிக் கூடையில் போட்டான். பிறகு அவன் குரல் மாறியது.

"என்னைப் பெரிய மனுஷன்னு நினைச்சுடாதே. உன் கல்யாணப் பத்திரிகையைக் கிழிச்சுப் போட்டேன். என் பையன் பள்ளிக்கூடத்துல ஏதோ பொய் சொன்னான்னு ஒரு தடவை இடுப்புல இருந்த பெல்ட்டைக் கழட்டிட்டேன். ஆர்டித் நடுவுல வந்து நின்னா. அப்பதான் நான் அவனை அடிக்கப் போகலைன்னு புரிஞ்சுது."

"யாரை அடிக்கப் போனே?"

"ஏதோ ஒரு ஒன்பது வயசுக் குட்டியை" என்றான் யூஜீன். சொல்லிவிட்டுக் கூச்சப்பட்டவனைப் போல, "மண்ணு ஈரமா இருக்கு, எந்திரி" என்றான்.

அவள் எழுந்திருக்கவில்லை. "அம்மா ஏன் அப்படிச் செஞ்சா? என்னை ஏன் காப்பாத்தினா?"

"காப்பாத்தினாளா? யோசிச்சுப் பாரு, லொரி. அந்தப் பதினாலு மாசமும் அப்பா உன்னைச் சனிக்கிழமை கூட்டிட்டுப் போகாம இருந்தாரா?"

போனார். அத்தை வீட்டுக்கு இல்லாவிட்டாலும் ஏரிக்கும் மரக்கடைக்கும் கூட்டிக்கொண்டு போனார். சாயங்காலம் திரும்பி வந்ததும் ஸ்டூலில் உட்கார வைத்து அம்மா தலை வாரினாள்.

"அப்பாவை எட்டிப் பார்க்க அவளுக்கு அந்த வீட்டுல ஒரு ஜன்னல்தான் இருந்துச்சு, நீ. அதை அவ உடைப்பாளா?" என்றான் யூஜீன்.

லொரெட்டா அப்போதுதான் அழுதாள். யூஜீனுக்காக அழுதாளா, அப்பாவுக்காகவா, வலிக்காமல் சிக்கெடுத்த அந்தக் கைக்காகவா என்று பிரித்துச் சொல்ல அவளுக்குத் தெரியவில்லை. யூஜீன் தேற்றவில்லை. போகவும் இல்லை. கொஞ்சம் கழித்து ஆர்டித் பின்வாசலில் வந்து, "காபி போட்டிருக்கேன், சண்டை முடிஞ்சுதா பாதியா?" என்று கத்தினாள்.

"பாதி!" என்று யூஜீன் பதிலுக்குக் கத்தினான்.

காபி குடிக்கும்போது லொரெட்டா தொடரைப் பற்றிச் சொன்னாள். தான் வாயை விட்டதையும், அதை மார்கோ திருப்பி எழுதியதையும், எழுதிய பிறகு அதுவே நிஜமாகப் போனதையும். "வேண்டாம்னா சொல்லு. மார்கோகிட்ட பேசறேன். என் பேச்சுக்கு மரியாதை உண்டு" என்றாள்.

யூஜீன் நெடுநேரம் சர்க்கரையைக் கலக்கினான். "ஊர் முழுக்கப் பார்க்க எவனோ ஒருத்தன் என்னை மாதிரி நடிக்கப் போறான். குற்றவாளி நான் இல்லைன்னும் காட்டப் போறான். இதை நான் ஏன் வேண்டாம்ங்கணும்?"

நவம்பரில் ஒரு நாள் இரண்டு பேரும் அப்பாவின் கல்லறைக்குப் போனார்கள். அது லொரெட்டாவின் யோசனை. யூஜீனுக்கு இதிலெல்லாம் நம்பிக்கை கிடையாது, கையைக் கோட்டுப் பைக்குள் விட்டுக்கொண்டு தள்ளி நின்றான். ஏரியிலிருந்து காற்று சுழற்றி அடித்தது. லொரெட்டா குனிந்து கல்லைப் பார்த்து, "அப்பா, சொன்னது நான்தான். இவன் இல்லை" என்றாள். காற்றில் அவளுக்கே காதில் விழவில்லை.

"சத்தமாச் சொல்லு. கிரேன்ல இருந்து இருந்து அந்த மனுஷனுக்குப் பாதிக் காது செவிடு" என்றான் யூஜீன்.

அவள் கத்திச் சொன்னாள். பக்கத்துக் கல்லறைக்குப் பூ வைக்க வந்திருந்த ஒரு கிழவர் திடுக்கிட்டுத் தொப்பியைக் கழற்றினார். யூஜீனுக்குச் சிரிப்பு வந்தது. சிரித்துக்கொண்டே இருந்தவன் சட்டென்று திரும்பிக் காரை நோக்கி நடந்தான். அவன் முதுகு குலுங்கியதை அவள் பார்த்தாள். பார்க்காததுபோல இருந்துவிட்டாள். பக்கத்திலேயே இருந்த அம்மாவின் கல்லுக்கு அன்றைக்கு இருவருமே ஒன்றும் சொல்லவில்லை.

பிப்ரவரியில் அந்தப் பகுதி ஒளிபரப்பானது. சேர்ந்து பார்க்கலாம் என்று லொரெட்டா சொன்னதற்கு யூஜீன் ஒப்பவில்லை. மறுநாள் காலையில் போன் செய்தான்.

"பார்த்தேன்."

"எப்படி இருந்துச்சு?"

"அந்தப் போலந்துக்காரியை நம்ம வீட்டுப் பக்கமே விடக் கூடாது. பயமா இருக்கு" என்றான். "அந்தப் பையன் நல்லாத்தான் நடிச்சான். ஆனா தட்டைக் குனிஞ்சு பார்த்தான். நான் தட்டைப் பார்க்கலை, லொரி. உன்னைத்தான் பார்த்தேன்."

"நான் என்ன பண்ணிக்கிட்டு இருந்தேன்?"

"ரொட்டி தின்னுக்கிட்டு இருந்தே."

லொரெட்டா போனை அடுத்த காதுக்கு மாற்றினாள்.

"சாஸ்ல தொட்டுத் தொட்டு" என்றான் யூஜீன். "மூக்குல கூட ஒட்டியிருந்துச்சு. ஒன்பது வயசு. பசி. வேற என்ன பண்ணுவே? அதைப் பார்த்த பிறகுதான் நான் வாயை மூடினேன்."

ஜன்னலுக்கு வெளியே பனி தள்ளும் வண்டி போய்க்கொண்டிருந்தது. அது தெருமுனை தாண்டும்வரை இருவரும் போனைப் பிடித்துக்கொண்டிருந்தார்கள். பிறகு யூஜீன், ஞாயிற்றுக்கிழமை வருவதாக இருந்தால் சங்கிலி போட்ட டயரோடு வா, இங்கே ரோடு மோசம் என்றான். அவள் சரி என்றாள்.